சென்னையிலிருந்து அரைநாளில் மாமல்லபுரம்: கைடுடன் பஸ்ஸில் போகிறவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

வெளியூரிலிருந்து வரும் சொந்தக்காரர்கள், எங்கள் அடுக்ககத்துப் பெரியவர்கள், லீவுக்கு வரும் பிள்ளைகள் என்று வருடத்தில் நாலைந்து தடவையாவது மாமல்லபுரத்துக்கு ஒரு கூட்டத்தைக் கூட்டிப்போவது என் வாடிக்கையாகிவிட்டது. காலையில் பஸ் ஏறி, கைடுடன் சுற்றிவிட்டு, மதியச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பும் அரைநாள் பயணம்தான். ஒவ்வொரு முறையும் பஸ் அடையாறைத் தாண்டுவதற்குள் அதே கேள்விகள் வந்துவிடும். அதனால் பதில்களை எழுதி வைத்துவிட்டேன்.

அரைநாள் என்றால் உண்மையில் எத்தனை மணி நேரம்?

ஆறிலிருந்து ஏழு மணி நேரம். ஊருக்குள்ளிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலை வழியாக ஏறத்தாழ 55 முதல் 60 கிலோமீட்டர். காலை ஆறரைக்குக் கிளம்பினால் உத்தண்டி டோல்கேட்டைக் கடந்து எட்டு மணிக்குப் போய்ச் சேரலாம். போக வர மூன்று மணி நேரம், டிபனுக்கு அரை மணி. மீதி மூன்று மணி நேரம்தான் உங்களுடையது.

பதிவு செய்யும்போது "மொத்தம் எத்தனை மணி நேரம்" என்று கேட்காதீர்கள், "அங்கே எத்தனை மணி நேரம்" என்று கேளுங்கள். ஒரு தடவை நாங்கள் போன பஸ், வழியில் ஒரு சிப்பிப் பொருள் கடையில் நாற்பது நிமிடம் நின்றது. இறங்க மாட்டோம் என்றோம். ஏசியை அணைத்துவிட்டார் டிரைவர். வேறு வழியில்லாமல் எல்லோரும் இறங்கி ஆளுக்கொரு சாவிக்கொத்து வாங்கினோம். கடைசியில் ஐந்து ரதத்துக்கு இருபது நிமிடம்தான் மிஞ்சியது.

காலை நல்லதா, மதியத்துக்கு மேல் நல்லதா?

காலைதான், சந்தேகமே வேண்டாம். வெயில் மட்டும் காரணமில்லை. அர்ச்சுனன் தபசு என்கிற பெரிய பாறைச் சிற்பம் கிழக்கே பார்த்து நிற்கிறது. காலை வெளிச்சம் சாய்வாக விழும்போது யானையின் மடிப்புகூடத் தெரியும். மதியத்துக்கு மேல் போனால் அதே பாறை நிழலில் சப்பையாகத் தெரியும். அப்புறம், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இந்தச் சாலையில் சென்னை திரும்புகிற நெரிசலை அனுபவித்தவர்களுக்கு நான் விளக்கம் சொல்லத் தேவையில்லை.

மூன்று மணி நேரம் போதுமா?

எல்லாவற்றையும் பார்க்கப் போதாது, நான்கு இடங்களுக்குப் போதும். அர்ச்சுனன் தபசு, அதை ஒட்டிய கிருஷ்ண மண்டபம், கடற்கரைக் கோயில், ஐந்து ரதங்கள். இந்த வரிசையில் போனால் வெளிச்சமும் கூட்டமும் கொஞ்சம் ஒத்துழைக்கும். காலில் தெம்பும் கையில் அரை மணியும் இருந்தால் குன்றின் மேலுள்ள மகிஷாசுரமர்த்தினி குகைக்கு ஏறலாம். ஒரு சுவரில் சிங்கத்தின் மேலிருந்து போரிடும் துர்க்கை, எதிர்ச்சுவரில் பாம்பணையில் தூங்கும் திருமால். ஒரு பக்கம் அத்தனை வேகம், மறுபக்கம் அத்தனை அமைதி, நடுவில் நீங்கள்.

வெண்ணெய் உருண்டைப் பாறைக்குக் கீழே நின்று கையால் தாங்குகிற மாதிரி படம் எடுக்கவே இருபது நிமிடம் போய்விடும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லாம் இடிந்துபோன கோயில்கள்தானே? இடிந்ததைப் பார்க்க என்ன இருக்கிறது?

நான் அதிகம் சண்டை போடுகிற கேள்வி இதுதான். இங்கே நீங்கள் பார்ப்பதில் இடிந்தது குறைவு. பாதியில் விட்ட வேலைதான் அதிகம். இரண்டும் வேறு வேறு.

ஐந்து ரதங்களில் மிக உயரமான தர்மராஜ ரதத்தின் முன்னால் போய் நில்லுங்கள். மேல் தளங்களில் சிற்பங்கள் முழுமையாக முடிந்திருக்கும். கீழ்த்தளத்துத் தூண்களுக்கு உள்ளே பாறை குடையப்படாமல் அப்படியே முரடாக நிற்கும். கட்டடமாக இருந்தால் கீழேயிருந்துதான் மேலே போவோம். இது கட்டியதல்ல, ஒரே பாறையைச் செதுக்கியது. அதனால் உச்சியில் தொடங்கிக் கீழே இறங்கியிருக்கிறார்கள். சாரம் தேவையில்லை, மேலிருந்து விழும் சில்லு முடித்த வேலையைக் கெடுக்காது. எந்த இடத்தில் உளி நின்றதோ அந்த இடம் அப்படியே இருக்கிறது. பக்கத்தில் பீம ரதத்தின் அடிப்பகுதியிலும் உளி கொத்திய தடங்களை விரலால் தடவிப் பார்க்கலாம்.

பல்லவர்கள் கல்லில் கற்றுக்கொண்ட பாடத்தையும் இந்த ஊரிலேயே வரிசையாகப் பார்க்கலாம். செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவும் இல்லாமல் கோயில் செய்ததாக மண்டகப்பட்டுக் கல்வெட்டில் பெருமைப்பட்டுக்கொண்டவர் முதலாம் மகேந்திரவர்மன். அது பாறையைக் குடைந்த குகை. இங்கே குன்றில் அப்படிப்பட்ட குகைகளும் உண்டு, ஒரே பாறையை வெளியிலிருந்து செதுக்கிய ரதங்களும் உண்டு. கடைசியில் கல்லை அறுத்து அடுக்கிக் கட்டிய கடற்கரைக் கோயில், எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ராஜசிம்மன் என்கிற இரண்டாம் நரசிம்மவர்மன் காலத்தில். இவை எல்லாம் சேர்ந்துதான் 1984-இல் யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னம் ஆயின.

ஏன் பாதியில் விட்டார்கள்? ராஜா செத்திருக்கலாம், போர் வந்திருக்கலாம், பணம் வேறு பக்கம் போயிருக்கலாம். கைடுகள் ஆளுக்கொன்று சொல்வார்கள். கல் எதையும் சொல்லவில்லை.

ஐந்து ரதங்களுக்கும் பாண்டவர்களுக்கும் என்ன சம்பந்தம்?

ஒன்றுமில்லை. ஐந்து இருந்ததால் பிற்காலத்து மக்கள் வைத்த பெயர்கள். ரதம் என்பதும் அப்படியே. திரௌபதி ரதம் என்பது கொற்றவைக்கான சிறு கோயில், ஓலைக் குடிசையின் கூரையை அப்படியே கல்லில் செய்தது. நகுல சகாதேவ ரதத்தின் பின்பக்கம் யானையின் முதுகு மாதிரி வளைந்திருக்கும். சிற்ப நூல்களில் இந்த வடிவத்துக்குக் கஜபிருஷ்டம், அதாவது யானை முதுகு என்றே பெயர். பக்கத்திலேயே ஒரு முழு யானையைச் செதுக்கி நிறுத்தியிருக்கிறார்கள். இரண்டின் பின்பக்கத்தையும் ஒரே பார்வையில் பார்க்கிற இடத்தில் நில்லுங்கள். பாடம் நடத்துகிற மாதிரி இருக்கும்.

அர்ச்சுனன் தபசா, பகீரதன் தவமா? கைடு ஒன்று சொல்கிறார், புத்தகம் ஒன்று சொல்கிறது.

இரண்டு கட்சியும் நூறு வருடத்துக்கு மேலாகச் சண்டை போடுகின்றன. சிற்பம் சுமார் 27 மீட்டர் நீளம், 9 மீட்டர் உயரம். இரண்டு பெரும் பாறைகள், நடுவில் ஒரு வெடிப்பு. இடப்பக்கம் மேலே ஒற்றைக்காலில் கைகளை உயர்த்தி நிற்கிற, விலா எலும்பு தெரிகிற தவசி. அருகில் வரம் கொடுக்கும் சிவன்.

பாசுபத அஸ்திரம் கேட்டுத் தவமிருந்த அர்ச்சுனன் அது என்பது ஒரு கட்சி. வெடிப்பைப் பாருங்கள் என்கிறது மறு கட்சி. அதில் நாகர்கள் நீந்தி மேலே வருகிறார்கள், தேவர்களும் விலங்குகளும் இரண்டு பக்கமிருந்தும் அதை நோக்கியே விரைகிறார்கள், பாறைக்கு மேலே தண்ணீர் தேக்கும் தொட்டி இருந்ததற்கான அடையாளம் உண்டு. தண்ணீரைத் திறந்துவிட்டால் வெடிப்பு வழியாகக் கங்கை இறங்கும். அப்படியென்றால் தவசி பகீரதன். எனக்குக் கங்கைக் கட்சிதான் பிடிக்கும். விலங்குகளின் முகம் போகிற திசையே அதற்குச் சாட்சி என்பது என் எண்ணம்.

ஆனால் நான் அழைத்துப்போகிறவர்களை அங்கே நிறுத்துவதில்லை. பெரிய யானையின் பக்கம் வரச் சொல்வேன். அதன் தந்தத்துக்கு அருகே ஒரு பூனை, தவசியைப் போலவே ஒற்றைக்காலில், முன்கால்களைத் தலைக்கு மேல் தூக்கி, வயிறு ஒட்டி நிற்கிறது. சுற்றிலும் எலிகள் அதைக் கும்பிடுகின்றன. போலிச் சாமியாருக்குக் கல்லில் சிலை வைத்த ஊர் இது. இந்தப் பக்கம் யானையின் காலடியில் குட்டிகள் நிற்கின்றன. அந்தப் பக்கம் ஒரு மான் பின்னங்காலைத் தூக்கி மூக்கைச் சொறிகிறது. பக்திக்கும் புராணத்துக்கும் தேவைப்படாத மான் அது. செதுக்கியவர் எங்கோ பார்த்திருக்கிறார், விட மனமில்லை.

இதே காட்சியை இன்னொரு பாறையில் தொடங்கிப் பாதியில் விட்டதும் தெற்கே கொஞ்ச தூரத்தில் இருக்கிறது. பஸ் கூட்டம் அங்கே போவதில்லை. நடந்து போக முடிந்தவர்கள் போய்வாருங்கள். ஒரு யானை பாறையிலிருந்து எப்படி வெளியே வருகிறது என்பது முடிந்த சிற்பத்தைவிட அங்கேதான் புரியும்.

கடற்கரைக் கோயில் தவிர ஆறு கோயில்கள் கடலுக்குள் இருப்பது உண்மையா?

"ஏழு கோயில்" என்பது ஐரோப்பிய மாலுமிகள் இந்த ஊருக்கு வைத்திருந்த பெயர். ஏழில் ஆறு மூழ்கிவிட்டன என்பது ஊர்க்கதை. முழுக் கதைக்கும் ஆதாரம் இல்லை. ஆனால் கடலுக்குள் ஒன்றுமே இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. 2002-இல் தேசியக் கடலியல் நிறுவனத்தார் முக்குளிப்பாளர்களை இறக்கி, கடற்கரைக் கோயிலுக்கு அப்பால் சுவர் வரிசைகளும் செதுக்கிய கற்களும் கிடப்பதைக் கண்டார்கள். 2004 டிசம்பர் 26 சுனாமியின்போது கடல் உள்வாங்கிய அந்தச் சில நிமிடங்களில் கற்கள் வரிசையாகத் தெரிந்ததாகக் கரையில் நின்றவர்கள் சொன்னார்கள். அலை திரும்பிப் போனபோது கரை மணலை அரித்து, அதுவரை புதைந்திருந்த சில பாறைச் சிற்பங்களை வெளியே விட்டது. அதன் பிறகு தொல்லியல் துறையும் கடற்படையின் துணையோடு தேடியது.

கதை எப்படியோ, ஊர் துறைமுகமாக இருந்ததில் சந்தேகமில்லை. பொன்னும் யானையும் நவமணியும் சுமந்து, பாரத்தில் தாழ்ந்து போகும் கப்பல்களைக் கடல்மல்லையில் (இந்த ஊரின் பழைய பெயர்) பார்த்ததாகத் திருமங்கையாழ்வார் பாடியிருக்கிறார்.

கடற்கரைக் கோயிலில் எதைக் கவனிக்க வேண்டும்?

மூன்று சன்னதிகள். கிழக்கே கடலைப் பார்த்து ஒரு சிவன், மேற்கே ஊரைப் பார்த்து ஒரு சிவன், இரண்டுக்கும் நடுவில் தரைப் பாறையிலேயே செதுக்கிய பள்ளிகொண்ட பெருமாள். பெருமாள் பாறையோடு பாறையாக முன்பே இருந்திருக்க வேண்டும், அவரை நடுவில் வைத்துத்தான் கோயிலைக் கட்டியிருக்கிறார்கள் என்று பலரும் கருதுகிறார்கள். வெளியே ஒரு சிங்கம். அதன் மார்பில் சதுரமாக ஒரு குழி, குழிக்குள் சின்னஞ்சிறு துர்க்கை. குனிந்து பார்த்தால்தான் தெரியும்.

மதில்மேல் வரிசையாக உட்கார்ந்திருக்கும் நந்திகளைத் தொடாமல் பாருங்கள். உப்புக்காற்று தின்றதில் கரைந்த சோப்புக்கட்டி போல ஆகிவிட்டன. காது எது, கொம்பு எது என்று தெரியாது. கடல் பக்கம் பாறாங்கற்களைக் கொட்டி அலையைத் தடுத்திருக்கிறார்கள். கல்லில் ஊறிய உப்பை எடுக்கக் காகிதக் கூழைப் பூசி உறிஞ்சவைக்கும் வேலையையும் தொல்லியல் துறை செய்கிறது. இந்த ஊரில் உண்மையிலேயே சிதைந்துகொண்டிருப்பது இதுதான்.

டிக்கெட் எவ்வளவு? பஸ் கட்டணத்தில் சேர்ந்ததா?

பல சுற்றுலாக்களில் சேர்ந்ததில்லை, கேட்டுக்கொள்ளுங்கள். நான் கடைசியாக வாங்கியபோது இந்தியர்களுக்கு 40 ரூபாய், வெளிநாட்டவருக்கு 600. பதினைந்து வயதுக்குட்பட்டவர்களுக்கு இல்லை. ஒரே டிக்கெட் கடற்கரைக் கோயிலுக்கும் ஐந்து ரதங்களுக்கும் செல்லும். முதல் இடத்திலேயே தூக்கிப் போட்டுவிட்டு இரண்டாவது இடத்தில் விழிப்பவர்கள் ஒவ்வொரு கூட்டத்திலும் ஒருவராவது உண்டு. ஆன்லைனில் எடுத்தால் வரிசையில் நிற்க வேண்டாம்.

இலங்கைப் பாஸ்போர்ட் வைத்திருப்பவர்களுக்கு சார்க் (தெற்காசியக் கூட்டமைப்பு) நாட்டவர் என்ற முறையில் இந்தியக் கட்டணமே. யாழ்ப்பாணத்தில் பிறந்து கனடாப் பாஸ்போர்ட்டோடு வருகிறவர் 600 கொடுக்க வேண்டும். ஒரே குடும்பத்தில் அண்ணனுக்கு 40, தம்பிக்கு 600 என்று கவுண்டரில் நடந்த வாக்குவாதத்தை நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கிய இந்திய வம்சாவளியினருக்குத் தரப்படும் ஓசிஐ அட்டை இருந்தால் இந்தியருக்கான கட்டணம்தான். ஆனால் அட்டை கையில் இருக்க வேண்டும், ஹோட்டல் பெட்டியில் இருந்தால் பயனில்லை.

கைடு சொல்வதையெல்லாம் நம்பலாமா?

நல்ல கைடு சிற்பத்தைக் காட்டுவார். சுமாரான கைடு கதையைச் சொல்வார். வெண்ணெய் உருண்டைக் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். சரிவில் உருளப் போவது மாதிரி நிற்கும், 250 டன் இருக்கும் என்று சொல்லப்படும் பாறை அது. 1908-இல் ஆளுநர் ஆர்தர் ஹேவ்லாக் ஏழு யானைகளைக் கட்டி இழுத்தும் அசையவில்லை என்பார்கள். ஹேவ்லாக் சென்னை ஆளுநராக இருந்தது 1896 முதல் 1900 வரை. 1908-இல் அவருக்கு ஏது யானை? ஆனாலும் கூட்டம் கதையை ரசிக்கும்போது நான் வாயைத் திறப்பதில்லை.

கல்விப்புலத்திலேயே முடியாத சண்டைகளும் உண்டு. மாமல்லன் என்பது முதலாம் நரசிம்மவர்மனின் பட்டப்பெயர். ஊரின் பெயரும் அவரோடு சேர்த்தே சொல்லப்படுகிறது. ஆனால் இங்குள்ள பெரும்பாலான படைப்புகள் ராஜசிம்மனுடையவை என்று தொல்லியல் அறிஞர் இரா. நாகசாமி வாதாடினார். கைடு "மாமல்லன் கட்டினார்" என்று சொன்னால் அது ஒரு கட்சி என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

சுற்றுலாத் துறை உரிம அட்டை கழுத்தில் தொங்குகிறதா என்று மட்டும் பாருங்கள். தமிழ்க் கைடு வேண்டுமென்றால் பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள். இல்லாவிட்டால் ஆங்கிலமும் இந்தியும் கலந்துதான் வரும்.

அம்மாவுக்கு முழங்கால் வலி. கூட்டி வரலாமா?

தாராளமாக. தபசும் கிருஷ்ண மண்டபமும் சாலையோரம். கடற்கரைக் கோயிலுக்குச் சமதளமான நடைபாதை, கொஞ்ச தூரம் நடக்க வேண்டும். ஐந்து ரதங்கள் மணல் தரையில், ஏற்றம் இல்லை. குன்றும் கலங்கரை விளக்கமும்தான் படியும் சரிவும். மற்றவர்கள் ஏறும்போது அம்மாவைக் கிருஷ்ண மண்டபத்தில் உட்காரச் சொல்லுங்கள். நிழல் உண்டு. மாடு கன்றை நக்க, ஒருவர் பால் கறக்கிற சிற்பம் எதிரே இருக்கும். என் அம்மா அதைப் பார்த்துவிட்டு, "கன்னுக்குட்டிய விட்டுட்டுக் கறக்கறான், நல்லவன்" என்றார். எந்தக் கைடும் சொல்லாத குறிப்பு.

பெரிய பஸ் ஊர்த் தெருக்கள் எல்லாவற்றிலும் நுழையாது. நிறுத்துமிடத்திலிருந்து நடக்க முடியாதவர்களுக்கு ஆட்டோ கிடைக்கும், ஏறுமுன் பேசிக்கொள்ளுங்கள்.

என்ன கொண்டுவர வேண்டும்?

தொப்பி, தண்ணீர், அடி தடித்த செருப்பு. இந்தச் சின்னங்களில் செருப்பைக் கழற்ற வேண்டியதில்லை. ஊர் நடுவிலுள்ள தலசயனப் பெருமாள் கோயிலில் மட்டும் வழக்கம்போல் கழற்ற வேண்டும். அது பூசை நடக்கும் கோயில், 108 திவ்ய தேசங்களில் ஒன்று, மதியம் நடை சாத்திவிடுவார்கள். டிரைபாடும் டிரோனும் அனுமதியில்லாமல் எடுத்துவர வேண்டாம்.

எந்த மாதம் நல்லது?

டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை. மே மாதம் கல் அடுப்பாகிவிடும்.

கடலில் குளிக்கலாமா?

வேண்டாம். அலையின் இழுப்பு அதிகம், அரைநாள் பயணத்தில் ஈரத்துணியோடு பஸ்ஸில் உட்கார யாருக்கும் ஆசை இருக்காது. கால் நனைத்துவிட்டு மாங்காய்ப் பத்தை சாப்பிடுங்கள்.

சிலை வாங்கலாமா?

வாங்கலாம், ஆனால் பஸ் நிற்கிற கடையில் வேண்டாம். ஐந்து ரதம் போகும் சாலையில் உளிச் சத்தம் கேட்கிற பட்டறைகள் இருக்கின்றன. 1957-இல் தொடங்கிய சிற்பக் கல்லூரி இந்த ஊரில் உண்டு, மாமல்லபுரம் கற்சிற்பத்துக்குப் புவிசார் குறியீடும் கிடைத்திருக்கிறது. மாவுக்கல்லில் செய்ததைக் கருங்கல் விலைக்குத் தருவார்கள். நகத்தால் கீறிப் பாருங்கள், கீறல் விழுந்தால் மாவுக்கல். அதுவும் அழகுதான், விலை மட்டும் அதற்குத் தகுந்ததாக இருக்கட்டும்.

காஞ்சிபுரத்தையும் அதே அரைநாளில் சேர்த்துவிடலாமா?

முடியாது. இரண்டையும் சேர்த்து நடக்கும் சுற்றுலாக்கள் முழுநாள் பயணங்கள். அதிலும் மாமல்லபுரம் களைத்துப்போன சாயங்காலத்தில் வரும்.

திரும்பும் வழியில் ஒரே ஒரு இடம் நிறுத்தலாம் என்றால் எது?

முதலைப் பண்ணை என்று பிள்ளைகள் கத்துவார்கள். என் ஓட்டு சாளுவன்குப்பத்துக்கு. மாமல்லபுரத்துக்கு வடக்கே ஐந்து கிலோமீட்டர், சென்னைக்குத் திரும்பும் அதே சாலையில். யாளித் தலைகள் சூழ்ந்த புலிக்குகை இருக்கிறது, அதைப் பார்க்கத்தான் எல்லோரும் இறங்குவார்கள். அங்கிருந்து கொஞ்சம் வடக்கே நடந்தால் முருகன் கோயிலின் அடித்தளம். சுனாமிக்குப் பிறகு வெளிப்பட்ட கல்வெட்டுகளில் ஒரு முருகன் கோயில் பற்றிய குறிப்பு இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு 2005-இல் தொல்லியல் துறை ஒரு மணல்மேட்டைத் தோண்டியது. பல்லவர் காலக் கற்கோயிலின் அடிப்பகுதி வந்தது. அதற்கும் கீழே பழைய செங்கல் கோயில் ஒன்று, சங்க காலத்தது என்று அகழாய்ந்தவர்கள் சொன்னார்கள். வாசலில் கல்லில் செய்த வேல்.

சிற்பம் ஒன்றும் இல்லாததால் கைடுகளுக்கு அங்கே சொல்லக் கதை இல்லை. குனிந்து செங்கல்லின் அகலத்தைப் பாருங்கள், இன்றைய சூளைக் கல்லைவிட எவ்வளவு பெரியது என்று. பத்து நிமிடம் போதும். டிரைவர் ஹாரன் அடிக்கத் தொடங்கினால் அடிக்கட்டும்.